சிவாலிக் மலைச் சிவிங்கி

குனோ வனத்தில் 2022-ஆம் வருஷம் செப்டம்பர் 17-ந் தேதி நமீபியா தேசத்துப் பிராணிகள் எட்டு வந்திறங்கிய போது, தமிழ்ப் பத்திரிகைகள் பலவும் “சிறுத்தைகள் வந்தன” என்றே செய்தி போட்டன. அம்பத்தூரில் என் வகுப்புச் சிறுமி ஒருத்தி எழுந்து, “ஸார், சிறுத்தைதான் நம் காடுகளிலேயே இருக்கிறதே, இறக்குமதி எதற்கு?” என்று கேட்டாள். நியாயமான கேள்வி! சிறுத்தை பதுங்கிப் பாய்வது, மரமேறுவது. வந்ததோ, வெட்டவெளியில் மானைத் துரத்திப் பிடிக்கும் சிவிங்கி. கண்ணிலிருந்து வாய்வரை மை கரைந்து வழிந்தாற்போல் அதற்கு ஒரு கறுப்புக் கோடு உண்டு. சிவிங்கி என்ற அழகிய சொல் இருக்க, அதை ஏன் மறந்தோமோ!

இந்தச் சிவிங்கிக்கு நம் நாட்டிலேயே ஒரு பூர்வீகப் பந்து இருந்தது. இமயத்தின் அடிவாரத்திலுள்ள சிவாலிக் குன்றுகள், ஆறுகள் கொட்டிய மணலும் வண்டலும் இறுகி உண்டானவை. அங்கே கிடைத்த, கல்லாய்ச் சமைந்த தாடையெலும்பை ஆராய்ந்த ரிச்சர்டு லைடெக்கர் என்ற ஆங்கிலேயர், 1884-இல் ‘குறுந்தாடை’ என்று பொருள்படும் கிரேக்கப் பெயரை அதற்குச் சூட்டினார். பின்வந்தவர்கள் அந்த ஜாதிக்குச் ‘சிவபாந்தெரா’ என்று பெயரிட்டார்கள். புலித்தோல் உடுத்த பெருமானின் பெயர் ஒரு பூனைக் குலத்துக்கு வாய்த்தது பொருத்தந்தான்!

பிரான்ஸு தேசத்தில் இதன் உறவான பெருஞ்சிவிங்கியை 1828-லேயே விவரித்திருந்தார்கள். அதன் எடை சுமார் 80 கிலோ என்று ஒரு கணக்கு. இக்காலச் சிவிங்கி பெரும்பாலும் 35 முதல் 60 கிலோதான். மண்டையும் தாடையும் பலத்தவையாதலால் பெரிய இரையையும் வீழ்த்தியிருக்கும் என்கிறார்கள். எலும்பு இவ்வளவும் பேசும். பேச வைப்பவர்கள் யோக்கியர்களாயிருக்க வேண்டும், அவ்வளவே. சீனத்து மண்டையோடு ஒன்றை உலகத்தின் மிகப் பழைய சிவிங்கி என்று 2009-இல் பிரசுரித்தார்கள். அது துண்டுகளைச் சாந்து பூசி ஒட்டிய போலி என்று பிறகு வெளிப்பட்டது. கட்டுரையை எழுதியவர்களில் ஒருவரே 2012-இல் அதைத் திரும்பப் பெற்றார். அந்த நேர்மைக்காக அவரை வணங்கலாம்.

பெருஞ்சிவிங்கி மறைந்த காலத்தில் துப்பாக்கி கிடையாது. நம் சிவிங்கியின் கதை வேறு. மொகலாயப் பாதுஷாக்கள் வேட்டைக்குப் பழக்குவதற்காக அவற்றைக் காட்டிலிருந்து பிடித்து வந்தார்கள். கூண்டில் அவை குட்டி போடுவது அபூர்வம்; ஆகவே மேலும் மேலும் பிடித்தார்கள். புல்வெளிகளும் உழுநிலங்களாகிச் சுருங்கின. கடைசியாக, நாம் கொடியேற்றிக் கொண்டாடிய அதே 1947-ஆம் வருஷத்தில், கோரியா சமஸ்தானத்து மகாராஜா ஓர் இரவில் மூன்று சிவிங்கிகளைச் சுட்டு வீழ்த்தினார். செத்த மூன்றையும் முன்னே கிடத்தி அவர் எடுத்துக்கொண்ட படம் இன்றும் இருக்கிறது. 1952-இல் சர்க்கார் அந்த இனம் நாட்டில் அற்றுப்போனதென்று அறிவித்தது.

குனோவுக்கு வந்தவை ஆப்பிரிக்கக் கிளையைச் சேர்ந்தவை. நம் நாட்டில் ஓடிய ஆசியக் கிளை இப்போது ஈரானில் மட்டும், மிகச் சிலவாக, உயிர் தரித்திருக்கிறது.