ஜீபூம்பாவின் முதலெழுத்து

பூட்டுக்குப் பெயர்பெற்ற திண்டுக்கல்லில் வளர்ந்த எங்களுக்குச் சாவியின்றித் திறக்கும் எதன்மீதும் தீராத வியப்பு உண்டு. 'அலிபாபாவும் 40 திருடர்களும்' (1956) படத்தில் ஒரு சொல்லுக்கே குகைக்கதவு திறந்தது. அதனினும் எங்களை ஆட்கொண்டது, தொலைக்காட்சியில் கண்ட 'பட்டணத்தில் பூதம்' (1967). சாடியிலிருந்து வெளிப்பட்டுக் காற்றோடு காற்றாய் மறையும் பூதமாக ஜாவர் சீதாராமன் நடித்திருந்தார். பூதத்தின் பெயர் ஜீபூம்பா. மலைக்கோட்டைக் காற்றில் நின்று அப்பெயரையே மந்திரமாகக் கூவினோம். ஊரில் ஒரு பூட்டும் அசையவில்லை.

பொருளற்ற அச்சொல் காற்றில் வாழும் உயிரின் மொழியாக ஏன் ஒலித்தது? உந்தியிலிருந்து எழும் காற்றே எழுத்தாகிறது என்கிறது தொல்காப்பியம். பூதத்துக்கும் அதே காற்றுதான். ஆனால் அதன் முதலொலியான 'ஜீ' தமிழ் நெடுங்கணக்கில் இல்லாதது. அடுத்துவரும் 'பூ'வும் நம் பூவைப்போல் வன்மையாக அன்றி, தொண்டை அதிர ஒலிக்கிறது. கடைசி 'பா' மட்டும் நம்முடையது. பாம்பு, கரும்பு என்பவற்றில் மகரத்தை அடுத்த பகரம் அவ்வாறே அதிர்கிறது. அயலில் புறப்பட்ட சொல் நம் முற்றத்தில் வந்து இறங்குகிறது.

கிரந்த எழுத்துகளை முற்றாக விலக்கவேண்டும் என்போரின் மொழிப்பற்றை மதிக்கிறோம். ஆயினும், நண்பர்களே, 'சீபூம்பா' என்று ஒருமுறை சொல்லிப் பாருங்கள். பூதம் சாடியைவிட்டு வெளிவராது. மற்ற சொற்களில் எப்படியாயினும், பூதங்களுக்காகவேனும் அந்த ஓர் எழுத்தை விட்டுவைக்க வேண்டுகிறோம்.