காட்சிச்சாலையில் உலாவிய செந்நரி

நரி என்றால் தந்திரம்; மயில் என்றால் அழகு; கழுதை என்றால் மடமை. கீழ்வகுப்பிலே காக்கையும் நரியும் கதை பயிற்றும் நாள் தொட்டு மேல்வகுப்புக் கட்டுரை வரை இவ்வாய்பாடு மாறுவதில்லை. இருபதாண்டு காலமாகத் தமிழ் கற்பித்துவரும் எனக்கு இதிலே பெருஞ்சலிப்பு உண்டு. முன்னர் நான் பணியாற்றிய பாடசாலை ஒன்றில், மாணாக்கன் ஒருவன், நரி தந்திரமுடையதன்று, பசியுடையது என்று எழுதினான். நல்ல தொடர் என மகிழ்ந்தேன். விடைத்தாளை மேற்பார்த்த பெரியவரோ, 'பொருட்பிழை' எனக் குறித்துப் புள்ளியைக் குறைத்துவிட்டார். அம்மாணாக்கன் பின்னர் எழுதிய கட்டுரைகளிலெல்லாம் நரி தந்திரமுடையதாகவே இருந்தது. என்னை வருத்துவது அதுவே.

அவன் எழுதியதையே கூறும் கலைப்படைப்பு ஒன்றை அண்மையிற் கணினித் திரையிலே கண்டேன். பெல்ஜியத்திற் பிறந்து மெக்சிக்கோ நகரைத் தம் வாழிடமாகக் கொண்ட பிரான்சிஸ் அலீஸ் என்னும் கலைஞர் 2004ஆம் ஆண்டில் ஆக்கிய 'இராக்காவல்' என்ற வீடியோப் படம் அது. ரெம்பிராண்டின் புகழ்பெற்ற ஓவியத்தின் பெயரையே இதற்கும் இட்டார். இலண்டனிலே 1856ஆம் ஆண்டில் நிறுவப்பெற்ற தேசிய உருவப்படக் காட்சிச்சாலையில், ஓரிரவு, செந்நரியொன்றை அவிழ்த்துவிட்டார்கள். அதன் பெயர் பாண்டிற். கொள்ளைக்காரன் என்பது பொருள். கள்வரைக் காண்பதற்கென அங்கே பொருத்தியிருந்த காவற் கமராக்களே அதனைப் படம்பிடித்தன.

அப்படத்தில் நிகழ்வது யாது? ஒன்றுமில்லை என்றே கூறலாம். நரி ஓடுகின்றது, நிற்கின்றது, ஒரு கமராவின் எல்லையைக் கடந்து மறைந்து மற்றொன்றிலே தோன்றுகின்றது. சுவரெங்கும், தம்மைப் பிறர் காணவேண்டுமென்றே மன்னரும் பிரபுக்களும் வரைவித்துக்கொண்ட முகங்கள். அவற்றால் நரிக்கு ஆவது ஒன்றுமில்லை. காணப்படும் விருப்பமில்லாத உயிர் அங்கே அஃதொன்றே. கமராக்கள் தொடர்வதும் அதனையே!

குதிரையேறி, நாய்களை ஏவி நரியை வேட்டையாடுதல் ஆங்கிலப் பிரபுக்களின் நெடுநாட் பொழுதுபோக்கு. நாய்கொண்டு வேட்டையாடுதலைத் தடுக்கும் சட்டம் இங்கிலாந்துக்கும் வேல்சுக்கும் இயற்றப்பட்டதும் அதே 2004ஆம் ஆண்டிலேதான். இதனையும் சேர்த்தே நான் அப்படத்தைப் பார்க்கின்றேன். துரத்தியோரின் படங்கள் தொங்கும் கூடத்திலே துரத்தப்பட்டது தனியே உலாவுகின்றது.

அமெரிக்கரான சாண்டி ஸ்கோக்லண்ட் 1989இல் ஆக்கிய 'நரி விளையாட்டுக்கள்' என்ற ஒளிப்படத்திலும் செந்நரிகள் உண்டு. சாம்பல்நிற உணவுச்சாலையிலே அவை மேசைகளின்மீது துள்ளுகின்றன. கண்ணுக்கு விருந்துதான். ஆயினும் அவை சிலைகள். வைத்தவர் நினைத்த இடத்தில் நிற்கும். பாண்டிற் அவ்வாறன்று.

நம் நாட்டுக் காடுகளில் ஊளையிடுவது வேறினம்; செந்நரி இலங்கையில் இல்லை. தமிழோ இரண்டையும் நரியென்றே அழைக்கும். ஆதலின் இக்கல்லூரியிற் பயின்றோர்க்கு மதுரை நினைவுக்கு வருதல் இயல்பே. மணிவாசகர்பொருட்டு இறைவன் பரியாக்கிய நரிகள், நள்ளிரவிலே பாண்டியனின் இலாயத்தில் மீண்டும் நரிகளாயின. புராணம் கேட்போர் அவை பரியானதையே வியப்பர். ஏனைக் குதிரைகளைக் கடித்து, ஊளையிட்டுக்கொண்டு அவை ஓடிய அவ்விராப்பொழுதே எனக்கு உவப்பானது.

வரும் தவணையில் மேல்வகுப்பு மாணாக்கருக்கு இப்படத்தைக் காட்ட எண்ணியுள்ளேன். பாண்டிற் எதனைக் குறிக்கின்றது என வினவப்போவதில்லை. அது என்ன செய்தது என்று மட்டும் எழுதச் சொல்வேன். இம்முறை புள்ளியிடுபவனும் நானே.