குடித்துக்கொண்டே ஒரு பேட்டி

நேற்றிரவு பிரிட்டிஷ் தொலைக்காட்சியின் கலை நிகழ்ச்சியான ‘சவுத் பேங்க் ஷோ’வின் பழைய பகுதி ஒன்றை மறுபடி பார்த்தேன். 1985-இல் வந்தது. ஓவியர் பிரான்சிஸ் பேக்கனும் நிகழ்ச்சியின் தொகுப்பாளர் மெல்வின் பிராக்கும் உணவகத்தில் உட்கார்ந்து ஒயின் குடிக்கிறார்கள். நேரம் போகப் போக இரண்டு பேருக்கும் நாக்கு குழறுகிறது. கேட்பவருக்கும் போதை, சொல்பவருக்கும் போதை! அதை வெட்டாமல் ஒளிபரப்பியிருக்கிறார்கள். சர்வதேச எம்மி விருதும் கிடைத்தது.

பிராக் நாவலாசிரியர். எழுதுகிறவன் படும் பாடு தெரிந்தவர் என்பதால்தானோ என்னவோ, எதிராளியின் மௌனத்தை அவசரப்பட்டு நிரப்புவதில்லை. 1978-இல் ஐடிவியில் இந்த நிகழ்ச்சியைத் தொடங்கியபோது முதல் நிகழ்ச்சிக்கே பால் மெக்கார்ட்னியை அழைத்துவந்தார். பாப் பாட்டுக்காரருக்கும் ஓபராவுக்கும் ஒரே மேடை என்பதில் அன்று பலருக்கு முகச்சுளிப்பு. எனக்கு அதுதான் பிடித்தது. விளம்பரத்தை நம்பிப் பிழைத்த வணிக சேனல் இதை 2010 வரை ஓட்டியிருக்கிறது என்பதை இன்னும் நம்ப முடியவில்லை.

நம் சேனல்களில் இயக்குநர்கள் பேட்டிக்கு வராமல் இல்லை. படம் வெளியாகும் வாரத்தில் வருவார்கள். ஒரு நாவலாசிரியரை ஒரு மணி நேரம் உட்காரவைத்து, இந்த அத்தியாயத்தை ஏன் இப்படி முடித்தீர்கள் என்று யாராவது கேட்டுப் பார்த்திருக்கிறீர்களா? இருந்தால் இணைப்பைக் கீழே போடுங்கள்.