நாற்பது நொடி

எல்ஆர்டி ரயில் வளைவில் திரும்பும் கிறீச்சொலி பதினொன்றாம் மாடிவரை வருகிறது. "இதை எடுத்துட்டா இது பொங்கோலே இல்லண்ணே" என்றார் ஆவணப்படம் எடுக்கும் தம்பி. வீவக வீட்டின் பின்னறைதான் அவருடைய படத்தொகுப்புக் கூடம். இரண்டு திரை, ஒரு ஹெட்ஃபோன், மூங்கில் துணிக்கம்புகளோடு சாய்த்து வைத்த பூம் மைக்.

திரையில் 2025 மே 3 இரவு. பொங்கோல் தனிக் குழுத்தொகுதியாகச் சந்தித்த முதல் தேர்தல். கீழே உள்ள காப்பிக்கடையில் எல்லாரும் தொலைக்காட்சியைப் பார்க்கிறார்கள்; கேமரா தொலைக்காட்சியைப் பார்க்கவில்லை. ஒரு முதியவர் முன்னால் தே-ஓ. மக்கள் செயல் கட்சி 55.17 விழுக்காடு, மீதி பாட்டாளிக் கட்சிக்கு. அவர் கைதட்டவில்லை, முணுமுணுக்கவும் இல்லை. குவளையை எடுக்கிறார், ஆறிப்போயிருக்கிறது, வைத்துவிடுகிறார். நாற்பது நொடி, ஒரே ஷாட்.

அந்த நாற்பது நொடிக்காகத் தம்பி மூன்று மாலை கேமராவைத் திறக்காமலே அங்கே உட்கார்ந்திருந்தாராம். பின்னணிக் குரல் கிடையாது, பேட்டி கிடையாது, "இன்னொரு தடவை குடிங்க அங்கிள்" கிடையாது. ஒலிப்பதிவு செய்யும் தங்கை கடை மூடும் நேரத்தில் வெறும் மின்விசிறி ஓசையை ஒரு நிமிடம் தனியே பிடித்து வைப்பார். வெட்டு விழும் இடங்களில் ஒலி துண்டு துண்டாகத் தெரியாமலிருக்க அதுதான் ஒட்டு.

இப்படிக் குறுக்கிடாமல் பார்க்கும் பாணியில்தான் அமெரிக்காவில் 1960-இல் ராபர்ட் ட்ரூவின் குழு தோளில் தூக்கும் கேமராவோடு கென்னடியின் பின்னால் நடந்து 'பிரைமரி' என்ற ஆவணப்படத்தை எடுத்தது. சிங்கப்பூரில் அப்படி நடப்பவர் சட்டப்புத்தகத்தையும் சுமக்க வேண்டும். கட்சி அரசியல் படங்களை 1998-இல் திரைப்படச் சட்டம் தடை செய்தது. தண்டனை ஒரு லட்சம் வெள்ளிவரை அபராதம் அல்லது ஈராண்டுவரை சிறை. 1981-இல் ஆன்சன் இடைத்தேர்தலில் வென்ற எதிர்க்கட்சி வழக்கறிஞர் ஜே.பி. ஜெயரத்தினத்தைப் பற்றிப் பலதுறைத் தொழிற்கல்லூரி விரிவுரையாளர்கள் மூவர் எடுத்த படம் திரைப்பட விழாவிலிருந்து மீட்டுக்கொள்ளப்பட்டது. எதிர்க்கட்சி அரசியல்வாதி சீ சூன் ஜுவானைப் பற்றி மார்ட்டின் சீ எடுத்த 26 நிமிட 'சிங்கப்பூர் ரெபல்' 2005-இல் விழாவுக்கு வராமல் போனது. காவல்துறை விசாரணையும் நடந்தது. 2009-இல் சட்டம் தளர்ந்த பிறகே எம்18 வகையில் அனுமதி கிடைத்தது.

அந்தத் தளர்விலும் ஒரு முடிச்சு உண்டு. உண்மை நிகழ்வை அசைவூட்டமில்லாமல் துல்லியமாகக் காட்டும் ஆவணப்படத்துக்கு விலக்கு. ஆனால் அதை நாடகத்தன்மையோடு காட்டக்கூடாது.

"நாடகம் எங்க தொடங்குது தம்பி?" என்றேன்.

பதில் சொல்லாமல் நாற்பது நொடியை நான்காக்கினார். அடுத்த மேசையில் எழுந்த கைதட்டலை முன்னால் வைத்தார், பெரியவரின் முகத்தைப் பெரிதாக்கினார். பெரியவர் தோற்றுப்போனவராகிவிட்டார்! அவர் யாருக்கு வாக்களித்தார் என்பது எங்கள் இருவருக்கும் தெரியாது. திரையில் இருந்த எதுவும் பொய்யில்லை; ஆனால் பார்த்தவன் நான் ஏமாந்தேன். சட்டம் அஞ்சும் நாடகம் அந்தக் கத்தரிப்பில்தான் இருக்கிறது. அதற்கு நேர்மையான கலைஞனும் அஞ்சத்தான் வேண்டும்.

தம்பி பழையபடி மாற்றிவிட்டார். படம் முடிந்ததும் வகைப்படுத்தலுக்காகத் தகவல்தொடர்பு ஊடக மேம்பாட்டு ஆணையத்துக்குப் போகும். நாற்பது நொடியும் முழுசாகவே போகிறது, ரயில் சத்தத்தோடு.