பேராக் மனிதனின் இடக்கை

சென்ற பள்ளி விடுமுறையில் நமது பேரனை உடனழைத்துக்கொண்டு, பேராக் மாநிலத்தின் வடபகுதியிலுள்ள லெங்கோங் பள்ளத்தாக்கிற்குச் சென்றிருந்தோம். கோலகங்சாரிலிருந்து கிரிக் செல்லும் சாலையில், சுண்ணாம்புக் குன்றுகள் சூழ அமைந்திருப்பது அப்பள்ளத்தாக்கு. 2012ஆம் ஆண்டில் யுனெஸ்கோ நிறுவனம் அதனை உலகப் பாரம்பரியச் சொத்துகளுள் ஒன்றாக ஏற்றுக்கொண்டது. அங்குக் கோத்தா தம்பான் என்னுமிடத்தில் ஒரு தொல்பொருட் காட்சிச்சாலை உண்டு. அதனுள் ‘பேராக் மனிதன்’ எனப்படுவோன் மண்ணுள் கிடந்த கோலத்தை விளக்கும் பகுதியின்முன் பேரன் நெடுநேரம் நின்றான்.

“தாத்தா, இவருடைய ஒரு கை மட்டும் ஏன் குறையாக இருக்கிறது?” என்றான்.

“பிறவியிலேயே அப்படி அமைந்துவிட்டதாம்” என்றோம்.

“அப்படியானால் மற்றவர்கள் இவரைக் கேலி செய்திருப்பார்களா?”

நமக்கு மறுமொழி வரவில்லை. பேசத் தெரியாமையால் அன்று. பழைய பிழையொன்று நெஞ்சில் வந்து நின்றமையால். அப்பிழையையும், அதனைத் தெளிவிக்க மனிதக்குலத்தின் முதல் வரலாறு நமக்குக் கற்பித்த பாடத்தையும் அன்பர்கள்முன் வைப்பதே இக்கட்டுரையின் நோக்கமாம்.

நாம் பிறந்து வளர்ந்தது இரப்பர்த் தோட்டமொன்றில். 1950களில் அத்தோட்டத்து லயத்தின் கடைசி வீட்டில் ஒருவர் தனியே குடியிருந்தார். பிறவியிலேயே அவருக்கு இடக்கை குறுகி, விரல்கள் முடங்கியிருந்தன. உளி பிடித்து மரம் வெட்ட இயலாமையால், மங்கு கழுவுவதும் வாளி சுமப்பதுமே அவருக்கு விதிக்கப்பட்ட வேலை; கூலியும் பாதிதான். அவருக்குப் பெற்றோர் இட்ட பெயர் ஒன்று இருந்திருக்கும். ஆயினும் விடியற்காலைப் பிரட்டிலுங்கூடக் ‘கட்டைக்கையன்’ என்றே அவரைக் கூப்பிட்டனர். முற்பிறப்பில் எந்தக் கையைப் பிறர்மேல் ஓங்கினானோ அந்தக் கை இப்பிறப்பில் முடங்கிற்று என்பது பெரியவர்கள் சொன்ன தீர்ப்பு. மணவீட்டில் அவர் எதிர்ப்படலாகாது. பிள்ளை பெற்ற வீட்டு வாயிலில் அவர் நிற்கலாகாது. சிறுவர்களாகிய நாங்கள் அவர் கையைப் பழித்து ஒரு பாட்டுக் கட்டியிருந்தோம்.

மழைக்காலத்தில், பள்ளிக்குச் செல்லும் வழியிலுள்ள ஓடை பெருகிவிடும். அப்போது சிறுவர்களை ஒருவர்பின் ஒருவராக வலத்தோளில் ஏற்றி, முடங்கிய கையால் காலை அணைத்துக்கொண்டு, அக்கரை சேர்ப்பவர் அவரே. அதற்கு எவரும் அவருக்குக் காசு கொடுத்ததில்லை. அக்கரையில் கால் ஊன்றியதும் நாங்கள் அந்தப் பாட்டைத் தொடங்குவோம். அவர் திரும்பிப் பாராமல், அடுத்த பிள்ளையைத் தூக்க நீரில் இறங்கிவிடுவார்.

ஓராண்டு, மழை ஓய்ந்த பிறகு, காய்ச்சலில் அவர் இறந்துபோனார். நால்வர் தூக்கிச் சென்று தோட்டத்து எல்லையில் புதைத்தனர். கோடி போட எவருமில்லை, கல் நடவுமில்லை. நாம் அன்று வழக்கம்போலப் பள்ளிக்குப் போய்விட்டோம்.

இது நிற்க. வாலிபப் பருவத்தில் நகரத்திற்குக் குடிபெயர்ந்து, படிப்பகத்தில் நூல் புரட்டத் தொடங்கினோம். உயிர்கள் தனித்தனியே படைக்கப்பட்டனவல்ல, படிப்படியாய் மாறி வளர்ந்தனவே என்னும் கொள்கையை ஆங்கே அறிந்தபோது நமக்குண்டான மகிழ்ச்சிக்கு அளவில்லை. ஒரு கூட்டத்தில் எழுந்து முழங்கினோம். “முற்பிறப்பு வினை என்பது வெறுங்கதை. இயற்கை வலியதைக் காத்து மெலியதைக் கழிக்கிறது, உலகம் முன்னேறியது அதனால்தான்” என்றோம். கைதட்டினர். கட்டைக்கையர் நினைவு அப்போது நமக்கு வரவேயில்லை. தலைவாயில் வழியே விரட்டிய விதியை நாமே கொல்லைப்புற வழியாய் அழைத்து வந்து, அதற்கு விஞ்ஞானம் என்று புதுப்பெயர் சூட்டினோம் என்பதை உணரப் பல்லாண்டுகள் சென்றன.

உண்மை யாது? இக்கொள்கையைக் கண்டவர் இருவர். அவருள் ஒருவரான ஆல்ஃபிரட் ரஸ்ஸல் வாலஸ் 1854இல் சிங்கப்பூரில் வந்திறங்கி, 1855இல் சரவாக்கில் தங்கியிருந்தபோதே, ஒவ்வோர் உயிரினமும் தனக்கு முன்னிருந்த நெருங்கிய இனத்தையொட்டியே தோன்றுகிறது என்று எழுதினார். 1858இல் அவர் மலுக்குத் தீவுகளிலிருந்து விடுத்த கட்டுரை சார்லஸ் டார்வினைச் சென்றடைந்தது. டார்வினின் பெருநூல் 1859இல் வெளிவந்தது. ‘தக்கது பிழைக்கும்’ என்னும் தொடரோ டார்வின் ஆக்கியதன்று. ஹெர்பர்ட் ஸ்பென்சர் 1864இல் ஆக்கியது. டார்வின் அதனைப் பின்னரே எடுத்தாண்டார். 1871இல் மனிதனின் தோற்றத்தைப் பற்றி எழுதியபோது அவர் வற்புறுத்தியது மற்றொன்று: ஒருவர்க்கொருவர் இரங்கும் உள்ளமுடையோர் மிகுந்த கூட்டமே செழித்து ஓங்கும் என்பது.

‘தக்கது’ என்பதற்கு ‘வலியது’ என்று பொருள் கொண்டதே நமது பிழை. சூழ்நிலைக்குப் பொருந்தி வழித்தோன்றல்களை விட்டுச் செல்வதே தக்கது. ஒரு சான்று காண்க. இரத்த அணுக்களை அரிவாள் வடிவாக வளைத்துவிடும் மரபணு ஒன்றுண்டு. அதனைத் தாய் தந்தை இருவரிடமிருந்தும் பெற்ற குழந்தை கொடிய நோய்க்கு ஆளாகும். ஒருவரிடமிருந்து மட்டும் பெற்ற குழந்தையோ, மலேரியாக் காய்ச்சலின் கொடுமைக்கு எளிதில் இரையாவதில்லை. மலேரியா பரவிய நாட்டில் காவலாகும் அதுவே, மலேரியா இல்லாத நாட்டில் வெறுங்குறையாகிறது. இது குறை, இது நிறை என்று இயற்கை எக்காலத்துக்குமாகத் தீர்ப்பெழுதி வைத்திருக்கவில்லை.

இனி, மனிதன் மனிதனான கதையைச் சுருக்கமாய்ப் பார்ப்போம். இன்றுள்ள குரங்கினின்று மனிதன் பிறந்தான் என்று அறிஞர் எவரும் கூறவில்லை. மனிதனுக்கும் சிம்பன்சிக்கும் பொதுவான மூதாதை ஆறு, ஏழு மில்லியன் ஆண்டுகளுக்குமுன் வாழ்ந்தது. அங்கிருந்து இரு கிளைகளும் பிரிந்தன என்பதே அவர்தம் கூற்று. நம் கிளையினர் முதலில் பெற்றது பெருமூளையன்று, இருகால் நடையே. தான்சானியாவின் லயத்தோலியில், எரிமலைச் சாம்பலில் பதிந்த காலடிகளை 1978இல் மேரி லீக்கியின் குழுவினர் கண்டனர். அவற்றின் வயது 36 இலட்சம் ஆண்டுகளுக்கு மேல். 1974இல் எத்தியோப்பியாவில் கிடைத்த ‘லூசி’ என்னும் பெண்ணின் எலும்புகள் 32 இலட்சம் ஆண்டுகள் பழையவை. அவள் நிமிர்ந்து நடந்தாள். அவள் மூளையோ மனிதக்குரங்கின் மூளையளவே.

மூளை பின்னரே பெருகிற்று. அதனோடு மனிதக் குழந்தையின் சார்புக் காலமும் நீண்டது. மான்கன்று பிறந்த அன்றே எழுந்து நிற்கும். மனிதக் குழந்தை தலை நிற்கவே மாதங்கள் ஆகும், தன் உணவைத் தானே தேட ஆண்டுகள் பல ஆகும். தாயொருத்தியால் மட்டும் இப்பாரத்தைத் தாங்கவியலாது. பாட்டியும் அத்தையும் அண்டை அயலாரும் கை கொடுத்தே அக்குழந்தை பிழைத்தது. ஆயாக்கொட்டகையில் தூளியாட வளர்ந்த நமக்கு இதனை விளக்கவும் வேண்டுமோ? மெலிந்ததைக் கைவிட்டிருந்தால் மனித இனமே இராது. நம்மில் ஒவ்வொருவனும் மெலியவனாகவே பிறந்தான்.

இதற்கு எலும்புகளே சாட்சி. ஜார்ஜியா நாட்டுத் துமானிசியில் கிடைத்த மண்டையோடொன்று, சற்றேறக்குறைய 17 இலட்சத்து 70 ஆயிரம் ஆண்டுகட்கு முந்தியது. அதற்குரியவர் ஒரு பல்லைத் தவிர மற்றெல்லாவற்றையும் இழந்து, பற்குழிகள் தூர்ந்துபோன பின்னரும் ஆண்டுக்கணக்கில் உயிர்வாழ்ந்திருக்கிறார். இராக் நாட்டுச் சனிதார்க் குகையில் 1957இல் கண்டெடுக்கப்பட்டவர் ஒரு நியாண்டர்தால் மனிதர். அவர் வலக்கை சூம்பியிருந்தது. இடக்கண்ணருகே பலத்த அடிபட்டுப் பார்வையும் கெட்டிருக்கக்கூடும். அவ்வளவு ஊனத்தோடும் அவர் நாற்பது வயதை எட்டினார். இன்னும் அண்மையில், நமக்கருகே போர்னியோவின் கிழக்குக் கலிமந்தானில், லியாங் தெபோ என்னும் குகையில் கிடைத்த இளைஞரைப் பற்றி 2022இல் ஆய்வாளர் அறிவித்தனர். 31,000 ஆண்டுகளுக்குமுன் வாழ்ந்த அவருக்குச் சிறுபருவத்திலேயே இடக்காலின் கீழ்ப்பகுதி அறுத்து நீக்கப்பட்டிருந்தது. புண் ஆறி, அதன்பின் அவர் ஆறு முதல் ஒன்பது ஆண்டுகள்வரை வாழ்ந்திருக்கிறார். ஒற்றைக் காலுடைய சிறுவன் மலைக்காட்டில் தனியே பிழைத்தான் என்று யாரே துணிந்து கூறுவர்?

இனி நமது பேராக் மனிதனிடம் திரும்புவோம். லெங்கோங் பள்ளத்தாக்கின் குனோங் ருந்தோ குகையில், 1990களின் தொடக்கத்தில், மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த சுரைனா மஜீத் தலைமையிலான குழுவினர் அவனைக் கண்டெடுத்தனர். அவன் வாழ்ந்தது ஏறத்தாழ 10,000 ஆண்டுகளுக்குமுன். உயரம் ஐந்தடியைச் சற்றே மிஞ்சும். வயது நாற்பதுக்கு மேல். இடக்கை விரல்களின் நடுவெலும்புகள் பிறவியிலேயே குறுகியிருந்தன. இடக்கையும் வலக்கையைவிடச் சிறுத்திருந்தது. கால்களை மார்போடு மடக்கி, தாய் வயிற்றில் குழந்தை கிடப்பதுபோல் அவனைக் கிடத்தியிருந்தனர். அவனைச் சுற்றிலும் கற்கருவிகளும், ஆற்று நத்தை ஓடுகளும், விலங்கெலும்புகளும் இருந்தன. வழிக்குணவும் வேலைக்குக் கருவியும் வைத்து அனுப்பினர் போலும்.

ஈண்டு ஓர் எச்சரிக்கை தேவை. எலும்பு பேசாது, நாமே அதனைப் பேச வைக்கின்றோம். அவனைச் சுற்றத்தார் இரக்கத்தால் சோறிட்டுக் காத்தனர் என்று கூறிவிட நமக்கு உரிமையில்லை. குறுகிய கையோடு அவன் ஒருவேளை மற்றவர்க்கு நிகராகவே வேட்டையாடியிருப்பான், நத்தை பொறுக்கியிருப்பான், பிள்ளைகளைத் தோளில் ஏற்றி ஆறு கடத்தியுமிருப்பான். நாம் துணிந்து கூறத்தக்கது இவ்வளவே: பிறந்தபோதே குறை தெரிந்த அக்குழந்தையை அவர்கள் எறிந்துவிடவில்லை. அவன் நாற்பதாண்டுகளைக் கடக்கும்வரை அவர்களிடையே அவனுக்கு இடமிருந்தது. இறந்தபோது, பாடுபட்டுத் தேடிய உணவையும் செதுக்கிய கல்லையும் அவனோடு வைத்துப் புதைக்க அவர்கள் தயங்கவில்லை. எழுத்தில்லை, இரும்பில்லை, உழவில்லை. ஆயினும், முடங்கிய கையுடையவனை எவ்வாறு அடக்கம் செய்வதென்று அவர்கள் அறிந்திருந்தனர். பத்தாயிரம் ஆண்டுகள் கழிந்து, பள்ளியும் அச்சும் மின்விளக்கும் கண்ட நமது தோட்டம் அதனை அறிந்திருக்கவில்லை.

பிறப்பால் உயர்ந்தோன், பிறப்பால் தாழ்ந்தோன் என்னும் பேச்சுக்கும் இக்கதையில் இடமில்லை. மொரோக்கோவின் ஜெபல் இர்கூதில் கிடைத்த, நம் இனத்தின் மிகப் பழைய எலும்புகள் 3 இலட்சம் ஆண்டுகளுக்கு முந்தியவை. இன்று உலகெங்கும் வாழும் மக்களனைவரின் வேரும் ஆப்பிரிக்காவிலேயே உள்ளது. எந்த இரு மனிதரை ஒப்பிட்டாலும் அவர்தம் மரபணுத் தொடர் ஆயிரத்தில் 999 பங்கு ஒன்றே. எஞ்சிய ஒரு பங்கைக் காட்டியா ஒருவனைப் பிரட்டின் கடைசியில் நிறுத்துவது?

பேரனுக்கு நாம் பின்னர் மறுமொழி கூறினோம். வீடு திரும்பும் வழியில், பேராக் ஆற்றுப் பாலத்தருகே வண்டியை நிறுத்தி, ஓடையையும் பாட்டையும் மறைக்காமல் சொன்னோம். அவன் நெடுநேரம் பேசாதிருந்தான். பின்பு, “அவர் பெயர் என்ன தாத்தா?” என்றான்.

பத்தாயிரம் ஆண்டுகட்கு முந்தியவனின் உயரம் தெரிகிறது, வயது தெரிகிறது, எவ்விரல் குறுகியது என்பதும் தெரிகிறது. நம்மைத் தோளில் சுமந்து கரை சேர்த்தவரின் பெயர் நமக்குத் தெரியவில்லை. அவர் கிடக்கும் இடமும் இன்று செம்பனைக் காடாகிவிட்டது. அத்தோட்டத்திலிருந்து வந்து இன்னும் உயிரோடிருக்கும் முதியோர் சிலரைக் கேட்டு வருகின்றோம். இதுவரை எல்லோரும் சொன்னது அந்தப் பட்டப்பெயரையே. அவர் பெயரைக் கண்டறியும்வரை கேட்டுக்கொண்டேயிருப்போம்.