கண்டி ராஜாவின் வாவி

கல்லூரி மாணவர்கள் சிலர் எடுத்த ஒரு குறும்படத்தைப் பார்த்ததிலிருந்து கண்டி நினைவாகவே இருக்கிறது. வேலூர்க் கோட்டையில் சிறையிருந்த கண்டியின் கடைசி மன்னர் ஸ்ரீவிக்கிரம ராஜசிங்கரைப் பற்றிய படம் அது.

போரும் இல்லை, பட்டாபிஷேகமும் இல்லை. கோட்டைக்குள் ஓர் அறை. கண்டியிலிருந்து வந்தவரிடம் மன்னர் ஒன்றே ஒன்றுதான் கேட்கிறார்: "வாவியில தண்ணி நிறைஞ்சிருக்கா?" பதில் வருவதற்குள் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொள்கிறார். காட்சி கற்பனைதான், வாவி நிஜம். தலதா மாளிகைக்கு எதிரே கிடந்த வயல்வெளியை ஏரியாக்கியவர் அவர்.

கண்ணுசாமி என்ற நாயக்கர் குலத்து இளைஞனை 1798இல் பிரதானிகள் அரியணையில் ஏற்றினார்கள். அவர்களோடு மூண்ட பகையில் எகலப்பொல என்ற பிரதானியின் மனைவி மக்களையே கொல்லவைத்தார் மன்னர். படம் அந்தக் கொடுமைக்குச் சப்பைக்கட்டு கட்டவில்லை. 1815 பிப்ரவரி 18இல் மறைவிடத்தில் பிடிபட்டார்; மறு ஆண்டு ஆங்கிலேயர் அவரைக் குடும்பத்தோடு கப்பலேற்றினார்கள். 16 ஆண்டுகள் வேலூரில் இருந்து, 1832 ஜனவரி 30இல் இறந்தார். கண்டியை அவர் மறுபடி பார்க்கவே இல்லை.

நாங்களும் கண்டிச் சீமைக்காரர்கள்தான். சிறிமாவோ - சாஸ்திரி ஒப்பந்தத்தின்படி, தலைமன்னாரில் கப்பலேறி ராமேசுவரத்தில் இறங்கிய தோட்டத்துக் குடும்பம். கோச்சி (ரயில்) புறப்பட்டபோது தண்டவாளத்தோரம் நின்று அழுத சனத்தை இப்போதும் மறக்க முடியவில்லை. லயத்து வாசலில் காலையில் இறங்கும் பனி, கொழுந்து மடுவத்திலிருந்து வரும் வாசம், பெரஹரா ஊர்வலம் பார்க்க அப்பாவின் தோளில் ஏறிப் போன கண்டி வீதி எல்லாம் அங்கேயே நின்றுவிட்டன. அப்பாயி சாகும்வரை, அந்தப் பக்கமிருந்து யார் வந்தாலும் "மலையில மழையாப்பா?" என்றுதான் முதலில் கேட்பார். குறும்படத்தில் ராஜா வாவியைப் பற்றிக் கேட்டபோது எனக்கு அப்பாயியின் குரல்தான் கேட்டது.

ராஜாவுக்கும் கொழுந்து பறித்தவளுக்கும் ஊர் ஏக்கம் ஒன்றுதான். அதைக் காட்டியதற்காகவே அந்தப் பிள்ளைகளுக்கு நன்றி சொல்லவேண்டும்.

வேலூருக்குப் போகிறவர்கள் கோட்டையைப் பார்த்ததோடு திரும்பிவிடாதீர்கள். ராஜாவுக்காக 1990இல் தமிழக அரசு கட்டிய முத்துமண்டபம் பாலாற்றங்கரையில் இருக்கிறது. கண்டிக்குத் திரும்ப முடியாமல் போன ஒரு மனிதரின் சமாதி அது. ஒருமுறை போய் வாருங்கள்.