வெளிப்பதிவு

1991 மே 22 காலையில் பால்காரர்தான் சொன்னார். முந்தின இரவு ஸ்ரீபெரும்புதூரில் ராஜீவ் காந்தியைக் கொன்றுவிட்டார்கள். அப்பா எழுந்துபோய் வாசல் கதவைச் சாத்தினார். திருவண்ணாமலைக்கு நாங்கள் வந்து ஓராண்டுகூட ஆகவில்லை. 1990 ஜூனில் போர் மறுபடி மூண்டதும் மன்னாரிலிருந்து படகேறி, ராமேஸ்வரம், மண்டபம் என்று அலைந்து, அப்பாவுக்குத் தெரிந்த அரிசி மண்டிக்காரர் ஒருவரை நம்பி இங்கே வந்தோம். மண்டியில் அப்பா கணக்கெழுதினார். அகதி முகாமில் இல்லாததால் அரசின் பணக்கொடை கிடையாது. ஆனால் சாத்திக்கொள்ள ஒரு கதவு இருந்தது. அப்பாவுக்கு அது போதும்.

அன்றிலிருந்து அம்மா சந்தையில் பேசுவதை நிறுத்தினா. வாயைத் திறந்தால் எந்த ஊர் என்று தெரிந்துவிடும். கத்தரிக்காயைக் கையால் காட்டுவா, காசை நீட்டுவா. வாய் பேசாத பெண் என்று இரக்கப்பட்டு ஒரு காய்க்காரம்மா கொசுறாகக் கறிவேப்பிலை போட்டுக்கொடுத்ததும் உண்டு.

முகாமுக்கு வெளியே வசிக்கும் இலங்கைத் தமிழர்கள் அருகிலுள்ள காவல் நிலையத்தில் பதிந்துகொள்ள வேண்டும் என்ற உத்தரவு பேப்பரில் வந்தது. அப்பா துவைத்த வேட்டி கட்டி, எங்களைக் கூட்டிப்போனார். எந்த நிலையம் என்று சொல்லப்போவதில்லை. அங்கே இருந்தவர்களில் பாதிப்பேர் இன்று உயிரோடு இல்லை.

"எந்த ஊரு?" என்றார் ரைட்டர்.

"மன்னார், ஐயா."

"மன்னார்குடிப் பக்கமா?"

"இல்லை ஐயா, சிலோன்."

பேனாவைக் கீழே வைத்துவிட்டு எங்களை ஒவ்வொருவராகப் பார்த்தார். பெஞ்சில் விலங்கோடு உட்கார்ந்திருந்த சைக்கிள் திருடன் ஒருவன்தான் நகர்ந்து அம்மாவுக்கு இடம் விட்டான்.

பெயர், தகப்பன் பெயர், வந்த தேதி, அங்க அடையாளம். அண்ணாவின் முறை வந்ததும் வேட்டியை முழங்காலுக்கு மேல் தூக்கச் சொன்னார்கள். வலது காலில் ஒரு தழும்பு.

"குண்டா?"

"சைக்கிளால விழுந்தது, ஐயா."

காயத் தழும்பு என்று மட்டும் எழுதினார். சைக்கிளை எழுதவில்லை. அந்தத் தழும்புக்காகவே அண்ணா ஞாயிறுதோறும் வந்து கையெழுத்துப் போட வேண்டும் என்றார்கள். வராவிட்டால் வேலூர்க் கோட்டை. அப்போது கோட்டைக்குள் சிறப்பு முகாம் இருந்தது. வெளிநாட்டினர் சட்டத்தைக் காட்டி, குற்றம் நிரூபிக்காமலே ஒருவரை அங்கே அடைத்துவைக்க முடிந்தது.

அந்தச் சட்டம் 1946இல், வெள்ளைக்காரர் மூட்டை கட்டும் நேரத்தில் போட்டது. அதிகாரம் மத்திய அரசுக்கு. ஒருவரிடம் இன்ன இடத்தில் இரு என்பதும் நாட்டை விட்டுப் போ என்பதும் அதில் அடங்கியிருந்தது. 1958இல் அதை மாநிலங்களிடமும் ஒப்படைத்தார்கள். மாவட்டத்தில் வெளிநாட்டினர் பதிவு அலுவலர் என்றால் எஸ்.பி. அங்கிருந்து இறங்கி இறங்கி, கிரிவலக் கூட்டத்தையும் திருட்டு நகையையும் பார்த்துக்கொள்ளும் அதே ரைட்டரின் மேசைக்கு எங்கள் வாழ்க்கை வந்து சேர்ந்தது. விசாரிக்க வீட்டுக்கு வரும் ஏட்டையா ஒருவர் நல்ல மனிதர். திண்ணையில் உட்கார்ந்து தேநீர் குடிப்பார். "எனக்கு இந்தச் சட்டம்லாம் தெரியாதும்மா. மேலேருந்து கேப்பாங்க, எழுதி அனுப்புவேன்" என்பார். அவர் வந்துபோன மறுநாளே வீட்டுக்காரர் வேறு இடம் பார்க்கச் சொன்னார். தெருவில் காக்கிச் சட்டை நுழைந்தால், எதற்கு வந்தது என்று யார் கேட்கப் போகிறார்கள்? தீபத் திருவிழா நெருங்கி, காவல்துறை விசாரிக்க வரும்போதெல்லாம் இதே கதைதான்.

1992 ஜனவரியில் அகதிகளைத் திருப்பி அனுப்பத் தொடங்கினார்கள். அண்ணா தானாகவே பெயர் கொடுத்தான். அங்கே சண்டை நிற்கவில்லை என்று அம்மா அழுதா. "ஞாயிற்றுக்கிழமை இல்லாத ஊருக்குப் போறன் அம்மா" என்றான். இப்போது வவுனியாவில் இருக்கிறான். திரும்பி வரவே இல்லை.

கல்யாணத்துக்குப் பிறகு நான் ரமணாசிரமம் பக்கம் ஒரு விடுதியில் வேலைக்குப் போனேன். அப்போது வெளிநாட்டுக்காரர் வந்து தங்கினால் 24 மணி நேரத்துக்குள் பதிவு அலுவலருக்குச் சி படிவம் அனுப்ப வேண்டியிருந்தது. ஜெர்மானியர், பிரெஞ்சுக்காரர், இஸ்ரேலியர் என்று எல்லாருக்கும் நிரப்பிக் கொடுத்தது நான். முதலாளிக்கு அதில் சிரிப்பு. வெளிநாட்டுக்காரருக்கு வெளிநாட்டுக்காரியே படிவம் எழுதுகிறாளாம். விசா முடிந்தும் மலையை விட்டு இறங்க மனமில்லாதவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். அவர்களுக்கு அபராதமும் வெளியேறும் அனுமதியும், உட்கார நாற்காலியும் உண்டு. 2020 ஊரடங்கில் மலைக் குகையில் தங்கியிருந்த சீனர் ஒருவரைக் கண்டுபிடித்துப் பரிசோதனைக்கு அனுப்பினார்கள். ஊரே அதைத்தான் பேசியது. எங்களைப் பற்றிப் பேச ஒன்றுமில்லை. நாங்கள் குகையில் ஒளியவில்லை, பதிவேட்டில் இருந்தோம்.

மகன் 1998இல் இதே ஊர் அரசு மருத்துவமனையில் பிறந்தான். 1987 ஜூலை 1க்கு முன் இந்தியாவில் பிறந்தவர் என்றால் பிறப்பாலேயே குடிமகன். அதன் பிறகு பிறந்தவருக்குப் பெற்றோரில் ஒருவராவது இந்தியராக இருக்க வேண்டும். நாங்கள் இருவருமே மன்னார். ஆகவே பாஸ்போர்ட் இல்லாத அவனுக்கும் காவல் நிலையத்தில் ஒரு பக்கம் உண்டு. 2019இன் குடியுரிமைத் திருத்தச் சட்டம் பாகிஸ்தான், வங்கதேசம், ஆப்கானிஸ்தான் என்று மூன்று நாடுகளைச் சொன்னது. இலங்கையைச் சொல்லவில்லை. 2021இல் தமிழ்நாடு அரசு முகாம்களின் பெயரை மறுவாழ்வு முகாம் என்று மாற்றி, வீடும் கட்டித்தர முன்வந்தது. நல்ல காரியம். அப்போது அரசு சொன்ன கணக்கில் முகாம்களில் 58,822 பேர், என்னைப் போல் காவல் நிலையப் பதிவோடு வெளியே 34,087 பேர்.

2025 செப்டம்பர் 1 முதல் புதிய குடியேற்றச் சட்டம் வந்திருக்கிறது. 2015 ஜனவரி 9 வரை வந்து பதிந்துகொண்ட இலங்கைத் தமிழர்களிடம் பாஸ்போர்ட், விசா இல்லையென்று தண்டிக்கமாட்டார்கள். அண்ணாவை ஊரை விட்டு ஓட்டிய அதே பதிவுதான் இன்று எனக்குக் காப்பு. இதை நன்றியோடு ஏற்பதா, கோபப்படுவதா என்று என்னைக் கேட்டால், கோபப்படுவேன். குற்றவாளியைத் தேடும் இடத்தில் அகதியின் கணக்கு இருக்கக் கூடாது. ரேஷன் அட்டை மாதிரி தாலுகா அலுவலகத்தில் இருக்கட்டும்.

அதுவரை எங்கள் ஆட்களுக்கு ஒரு வார்த்தை. பதிவுத் தாளை நகலெடுத்து வையுங்கள். செத்துப்போன அப்பா அம்மாவின் தாளையும் எறிந்துவிடாதீர்கள். நீங்கள் எந்தத் தேதியில் வந்தீர்கள் என்பதற்குப் பலருக்கு அது ஒன்றுதான் சாட்சி.